இறக்கிய வரிக்கு ஒரு மூச்சு

வேயினியின் வாய் பாடிக்கொண்டிருந்தது. வேயினி அதைக் கேட்டுக்கொண்டிருந்தாள். கிணற்றுத்தெரு நன்னி, தண்ணீருக்கு அஞ்சாதவள். கிணற்றுத்தெரு மாறை, இரட்டையில் பிந்தியவன். கிணற்றுத்தெருக் கோடன், உறக்கத்தில் சிரித்தவன். ஒவ்வொரு வரியின் கடைசிச் சொல்லும் மேலே ஏறி ஒரு கணம் நிற்கும். நின்றதும், பாவு நீட்டும் களமான பாவடியில் காத்திருக்கும் இரண்டு பெண்கள் ஒரு நூலின் இரு முனைகளையும் பிடித்துக்கொண்டு, ஒருத்தி கீழ்க்கல்லுக்கும் இன்னொருத்தி மேல்கல்லுக்கும் நடந்துபோய் மாட்டுவார்கள். மாட்டியதும் அடுத்த வரி. ஓர் ஆளுக்கு ஒரு வரி, ஒரு வரிக்கு ஒரு நூல். வெண்ணிழையூரில் முந்நூற்றுப் பதினொரு வரிகள். மழை விட்ட முதல் வெயில்நாளின் காலையில் தொடங்கும் இந்தப் பாட்டு உச்சிப்பொழுதில் முடியும்போது, இரண்டு கல்லுக்கும் நடுவே ஊர் முழுதும் ஒரே பாவாக நீண்டு கிடக்கும். அதில் நெய்கிற துணியில்தான் அந்த வருஷம் பிறக்கும் குழந்தைகளை முதன்முதலாக ஏந்துவார்கள். கோடனுக்கு இப்போது அறுபது வயது. விழித்திருக்கும்போது அவன் சிரித்து ஊரில் யாரும் பார்த்ததில்லை. இருந்தாலும் பிறந்த ஏழாம் நாள் பெற்றவள் கட்டிய வரி கட்டியதுதான். அதில் ஒரு சொல்லை மாற்றப் பாட்டுக்காரிக்கும் உரிமை கிடையாது. அவளுக்கு உரிமை உள்ளது ஒன்றில்தான். கடைசிச் சொல்லை ஏற்றுவதா, இறக்குவதா. ஏற்றினால் அந்த ஆள் இருக்கிறார். இறக்கினால் இல்லை. இறக்கியவரின் நூல் கல்லுக்குப் போகாது. அங்கேயே அறுத்து உப்பேரித் தண்ணீரில் விட்டுவிடுவார்கள். அதற்குப் பிறகு அந்தப் பெயரை, இன்னொரு குழந்தைக்கு இடும்வரை, யாரும் வாய்விட்டுச் சொல்லக் கூடாது. பெற்றவளும்தான். பதினெட்டு வருஷத்தில் வேயினி எத்தனையோ பேரை இறக்கியிருக்கிறாள். தன் கணவனையே குரல் பிசகாமல் இறக்கினாள். ஆனால் அவர்களையெல்லாம் குளிப்பாட்டியாயிற்று, கையைத் தொட்டுச் சில்லிட்டதைப் பார்த்தாயிற்று. தும்பியின் கை சில்லிட்டதா என்று யாருக்குத் தெரியும். மகள் போய் மூன்று வருஷம் ஆகிறது. வாய் அதற்குள் கிணற்றுத்தெருவின் கடைசி வீட்டுக்கு வந்துவிட்டது. இன்னும் இரண்டு தெரு. அப்புறம் மேட்டுத்தெரு, அதில் நான்காவது வீடு, அந்த வீட்டில் இரண்டாவது வரி.

விடிந்ததும் அதவன் வந்திருந்தான், தும்பியின் புருஷன். முன்பெல்லாம் நேரே அடுப்படிக்கு வந்து சட்டியைத் திறந்து பார்க்கிறவன், இன்றைக்கு வாசலிலேயே நின்று "அத்தை" என்றான். கையில் இரண்டு நூல்கண்டு. ஒன்று அவனுடையது, ஒன்று அவளுடையது. ஊரில் இல்லாதவர்களுக்கு வீட்டார் நூற்க வேண்டும். போன இரண்டு வருஷமும் மகளின் நூலை வேயினிதான் நூற்றாள். இந்தத் தடவை நான் நூற்கிறேன் என்று அவன் பஞ்சைக் கேட்டு வாங்கிக்கொண்டு போனான். "பாருங்க அத்தை, முறுக்கு சரியா இருக்கா?" அவள் இரண்டு விரலுக்கு நடுவே நூலை ஓடவிட்டுப் பார்த்தாள். "அங்கங்க தடிச்சிருக்கு. அவ நூல் இதைவிட மெலிசு." "தெரியும். நாலு தடவை பிரிச்சு நூத்தேன். என் கைக்கு இவ்வளவுதான் வருது." கலைந்த நூலை அவன் கண்டில் சுற்றினான். பிறகு, "செருந்திக்கு அஞ்சு மாசம்" என்றான். "ஊரே சொல்லுது" என்றாள் வேயினி. "நீங்க இப்படிப் பாடுங்க, அப்படிப் பாடுங்கன்னு நான் கேட்க மாட்டேன். கேட்கவும் கூடாது. ஆனா உங்ககிட்ட நானே சொல்லலைன்னா அது ஒளிச்ச மாதிரி ஆயிடும்." "கூழ் குடிச்சியா?" என்று கேட்டாள் வேயினி. "இல்ல." "குடிச்சிட்டுப் போ." நின்றபடியே குடித்தான். கலயத்தைக் கழுவிக் கவிழ்த்து வைத்தான். அதைப் பார்த்தபோதுதான் அவளுக்கு அவன்மேல் கோபம் வந்தது. கழுவாமல் வைத்திருந்தால் வந்திருக்காது. இவ்வளவு நல்லவனாக இருந்து தொலைக்கிறானே, ஒரு வசவுக்காவது இடம் கொடுக்கிறானா. செருந்தி சுமப்பது அவன் பிள்ளை. ஆனால் ஒரு வீட்டில் ஒரு மனைவிக்குத்தான் வரி. தும்பியின் வரி ஏறி நிற்கும்வரை செருந்தியின் வரி அவள் அப்பன் வீட்டில்தான் இருக்கும். அவள் வயிற்றில் இருப்பதற்கு எந்த வீட்டிலும் இடம் இராது. அப்படிப் பாவில் சேராத ஒருவன் முன்பு ஊரில் இருந்தான். வரி இல்லாததால் அவனுக்குப் பெயரும் இல்லை. கையைத் தட்டித்தான் கூப்பிடுவார்கள். தட்டினால் ஓடி வருவான். பறவை விரட்ட யாராவது தட்டினாலும் ஓடி வருவான்.

சாயத்தெருப் பூழி, பாலுக்கு அழாதவள். சாயத்தெரு வள்ளன், வலக்கை முன் வந்தவன். இந்தத் தெருவில் எல்லாருக்கும் விரல் சிவப்பு. நூலை நீட்டும்போதே தெரியும். சிவப்பு. அம்மா, இந்தச் சிவப்பு போதுமா? போவதற்கு முந்தின நாள் நிலைப்படியில் நின்று தும்பி கேட்டாள். கையில் அப்போதுதான் சாயம் ஏற்றி உலர்த்திய நூல்சிட்டம். வேயினி தறிக்குள் குனிந்து அறுந்த இழையை முடிந்துகொண்டிருந்தாள். இன்னொரு முனை பல்லுக்கு நடுவே. வாயைத் திறந்தால் இழை நழுவிவிடும். அதனால் தலையை ஆட்டினாள். எப்படி ஆட்டினாள்? இதுதான் மூன்று வருஷமாகப் பிடிபடாமல் இருக்கிறது. மேலும் கீழுமாகவா, பக்கத்துக்குப் பக்கமா. ஆட்டியது நினைவிருக்கிறது, கழுத்தில் இழை உரசியதுகூட நினைவிருக்கிறது, எந்தப் பக்கம் என்பது மட்டும் இல்லை. தனியாக இருக்கும்போது அதே தறியில் குனிந்து, அதே போல் ஓர் இழையைக் கடித்துக்கொண்டு, தலையை ஆட்டிப் பார்த்திருக்கிறாள். இரண்டு விதமாகவும் ஆட்ட முடிகிறது. ஒருவேளை அது பதிலே இல்லையோ, இழை வழுக்கியதால் தலை தானாக வெட்டியதோ. தும்பி "சரி" என்றாள். போதும் என்றாலும் சரி என்பாள், போதாது என்றாலும் சரி என்பாள். வெளிச்சம் அவள் முதுகுக்குப் பின்னால் இருந்தது, முகம் தெரியவில்லை. நிமிர்ந்து பார்த்திருந்தால் தெரிந்திருக்கும், நிமிரவில்லை, இழை ஒன்றுதான், அறுந்தால் இன்னொரு தடவை முடிந்திருக்கலாம். மறுநாள் காலை தும்பி மூன்று பெண்களோடு படகேறி உப்பேரியின் அக்கரைக்குச் செவ்வேர் பிடுங்கப் போனாள். செவ்வேர் எதற்கு? சிவப்பை இன்னும் அழுத்தமாக்க. அப்படியானால் போதாது என்றுதான் வேயினி ஆட்டியிருக்கிறாள். இல்லை, எப்படியும் போக வேண்டியதுதான், வீட்டில் வேர் தீர்ந்திருந்தது. தீர்ந்திருந்ததா? பானையில் ஒரு பிடி கிடந்ததை அவளே பிறகு பார்த்தாள். ஒரு பிடி போதாது. போதாது, போதாது. சாயத்தெருச் சிறுநங்கை, நிலவில் பிறந்தவள். வாய் எங்கேயும் தடுக்கவில்லை. அதற்கு இந்தக் கேள்வியெல்லாம் இல்லை.

தெரு முடிந்தால் ஒரு வாய் தண்ணீர் குடிக்கலாம். கணவனின் தங்கை கூவிளை சொம்பை நீட்டினாள். நூல் அறுக்கும் கத்தி அவள் இடுப்பில் இருந்தது. அது அவள் பொறுப்பு.

"குடிங்க அண்ணி. தொண்டை வறண்டு கேட்குது."

"இஞ்சி போட்டியா?"

"போட்டா காரம்னுவீங்க. போடலைன்னா கேட்பீங்க. இந்த வருஷம் போடலை."

வேயினி குடித்தாள். "கத்தி தீட்டியாச்சா?"

"ஆச்சு. தறித்தெருவில ரெண்டு பேர்." கூவிளை சொம்பை வாங்கிக்கொண்டாள். வாங்கியவள் நகரவில்லை. "மூணாவது உண்டா இல்லையான்னு நீங்கதான் சொல்லணும். நான் கேட்கலை. அவளை இடுப்புல வச்சுச் சோறு ஊட்டின கை இது. நீங்க ஏத்தினா என் கைக்கு நிம்மதி. இறக்கினா அறுப்பேன். அறுத்துட்டு இந்தக் கத்தியையும் சேர்த்து ஏரியில போட்டுடுவேன். அடுத்த வருஷத்துக்கு வேற கத்தி பார்த்துக்குங்க, வேற ஆளும் பார்த்துக்குங்க."

"போ, நூலைப் பாரு" என்றாள் வேயினி.

தறித்தெருச் சேந்தி, கண் திறந்து வந்தவள். கூட்டத்தில் கடைசியாக, புங்கமரத்தடியில் செருந்தி உட்கார்ந்திருந்தாள், முந்தானையை வயிற்றின் மேல் அகலமாகப் போட்டுக்கொண்டு. மறைக்க என்ன இருக்கிறது, ஊருக்கே தெரிந்ததை. சின்னப் பெண். தும்பியைவிட ஐந்து வயது சின்னவள். அவள் பார்க்காதபோது வேயினி பார்த்தாள், பார்த்தபோது பார்வையைத் திருப்பிக்கொண்டாள். அக்கரைக்குப் போய்த் திரும்பிய மூன்று பெண்களும் இந்தத் தெருதான். மூவரும் இன்று நூலோடு வரிசையில் நிற்கிறார்கள். பனி இறங்கிவிட்டது என்றார்கள். பத்தடி தள்ளி இருந்தவள் தெரியவில்லை என்றார்கள். இரண்டு நாள் கூப்பிட்டோம் என்றார்கள். எப்படிக் கூப்பிட்டீங்க? தும்பி, தும்பின்னு. எந்தப் பக்கம் பார்த்து? எல்லாப் பக்கமும். கூப்பிட்டுட்டு எவ்வளவு நேரம் சும்மா இருந்து கேட்டீங்க? அதற்கு மூன்று பேரும் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள். விடாமல் கூப்பிட்டுக்கொண்டே இருந்திருக்கிறார்கள். ஒருத்தி ஓய்ந்தால் இன்னொருத்தி. அவள் எங்கிருந்தாவது ஈனக்குரலில் பதில் கொடுத்திருந்தால் அது இவர்கள் கூச்சலிலேயே முங்கிப் போயிருக்கும். அதை அவர்களிடம் வேயினி சொல்லவில்லை. பாவம், பயந்து போன பிள்ளைகள். மூன்றாம் நாள் ஆண்கள் போய்ப் பார்த்தபோது சேற்றில் கொக்குக்கால் தடம்தான் இருந்தது. அல்லது அவள் போக வேண்டும் என்றே போயிருந்தால்? அக்கரையைத் தாண்டி நடந்தால் வேறு ஊர்கள் இருக்கின்றன. அங்கே ஒரு வீட்டில் உட்கார்ந்து யாருக்காவது சோறு போட்டுக்கொண்டிருந்தால். இருந்துவிட்டுப் போகட்டும். ஏன் போனாள் என்று அறியாமல் போனாலும் போகட்டும். தறித்தெருக் கீரன், விரல் மூடிப் பிறந்தவன், அவனை இறக்கினாள். கிழவன், வயதாகிப் போனவன். ஒரு மூச்சு நேரம் விட்டாள், கூவிளையின் கத்தி சிக்கென்றது. ஏழு நாள் பாலகன் ஒன்று, வரி கட்டிய அன்றே போனது, அதையும் இறக்கினாள். பெற்றவள் முந்தானையைக் கடித்துக்கொண்டாள். அந்தப் பெண்ணுக்காவது கையில் வைத்திருந்து கொடுக்கக் கிடைத்தது என்று ஒரு நினைப்பு வந்தது. வந்ததும் தன்மேலேயே அருவருப்பாக இருந்தது.

மேட்டுத்தெரு வந்துவிட்டது. என்ன செய்யப் போகிறோம் என்று வேயினிக்கு இன்னும் தெரியாது. தொண்டை முடிவு செய்யட்டும் என்று காலையிலிருந்தே விட்டிருந்தாள். போன வருஷமும் அதற்கு முந்தின வருஷமும் தொண்டை தானாகத்தான் ஏற்றியது. ஆனால் அப்போதெல்லாம் செருந்தி இல்லை. முதல் வீடு, நான்கு வரிகள், ஏற்றம், ஏற்றம். இறக்கினால் எப்படி இருக்கும். இரண்டாவது வீடு. இறக்கினால் நாளைக்கு அடுப்பு மூட்டும்போது அந்தப் பெயர் வாயில் வந்துவிடுமே, தினமும் வருகிறதே, அதை எங்கே கொண்டுபோய்த் துப்புவது. ஏற்றினால் மரத்தடியில் இருக்கிறவள் எழுந்து போவாள். கத்த மாட்டாள், எழுந்து போவாள், அவ்வளவுதான். பிறகு ஒரு கைதட்டல். மூன்றாவது வீடு, இரண்டே வரிகள், ஏற்றம். இறக்கினால் இப்படித்தான் இறங்கும் என்று உள்ளுக்குள் ஒரு தடவை இறக்கிப் பார்த்தாள், சத்தமில்லாமல், நெஞ்சுக்குள்ளேயே. படிக்கட்டில் கடைசிப் படி இருப்பதாக நினைத்துக் காலை வைத்தது போல இருந்தது. நான்காவது வீடு. அந்த வீட்டின் முதல் வரி புருஷனுடையது. மேட்டுத்தெரு அதவன், மழைக்கு முந்திப் பிறந்தவன், என்று பாடினாள். கடைசிச் சொல் இறங்கிவிட்டது.

பாவடி முழுதும் அசைவற்றுப் போனது. அவளுக்கே அப்புறம்தான் தெரிந்தது. காதில் விழுந்த பிறகுதான். உள்ளே ஒத்திகை பார்த்த இறக்கம் ஒரு வரி முந்தி வெளியே வந்துவிட்டது. நூல் பிடித்திருந்த பெண்கள் நடக்காமல் நின்றார்கள். கூவிளை கத்தியை எடுத்து நூலின் அடியில் வைத்தாள். கை பழக்கத்தில் செய்தது, முகம் வெளுத்திருந்தது. தெரு முடியாமல் பாட்டை நிறுத்தக் கூடாது, பாடிய வரிக்குத் திரும்பிப் போகவும் கூடாது. இதற்கு ஒரே வழிதான் உண்டு. இறக்கிய ஒவ்வொரு வரிக்கும் பின்னால் பாட்டுக்காரி ஒரு மூச்சு நேரம் சும்மா இருப்பது அதற்காகத்தான். இறக்கப்பட்டவர் உயிரோடு இருந்தால் அந்த ஒரு மூச்சுக்குள் தன் வரியைத் தானே ஏற்றிப் பாடிக்கொள்ளலாம். வேறு யாரும் அவருக்காகப் பாடக் கூடாது. எப்போதோ ஒருமுறை வெயிலில் தூங்கிவிட்ட ஒருவனை இப்படித் தவறி இறக்கி, பெண்டாட்டி தொடையில் கிள்ளி எழுப்பி, அவன் தூக்கக் கலக்கத்தில் பக்கத்து வீட்டுக்காரன் வரியைப் பாடித் தொலைத்த கதையைச் சொல்லிச் சொல்லி ஊர் சிரிக்கும். இப்போது யாரும் சிரிக்கவில்லை. அதவன் வாயைத் திறக்காமல் அவளையே பார்த்துக்கொண்டிருந்தான். வேணும்னே செஞ்சீங்களா அத்தை என்ற பார்வை. அதைவிட மோசமாக, வேணும்னே செஞ்சிருந்தா சரிதான் என்ற பார்வை. வேண்டுமென்றே செய்தேனா? இல்லை. இல்லையா? அவன் போய்த் தும்பி வந்தால் போதும் என்று ஏதோ ஓர் இரவில் நினைத்ததுண்டே. அந்த நினைப்புத்தான் தொண்டைக்குள் உட்கார்ந்து காத்திருந்ததா. பாடு, மாப்பிள்ளை, பாடு. அவளால் சொல்ல முடியாது. வாய் பாட்டுக்கு நேர்ந்தது. கண்ணால் சொன்னாள். மரத்தடியில் செருந்தி எழுந்து நின்றுவிட்டாள். அப்போது அவன் பாடினான். மேட்டுத்தெரு அதவன், மழைக்கு முந்திப் பிறந்தவன். பாடத் தெரியாதவன், கரகரத்த குரல், நடுவில் இரண்டாக உடைந்தது, ஆனால் கடைசிச் சொல்லைப் பிடித்து மேலே ஏற்றி நிறுத்திவிட்டான். "பெரிய பாட்டுக்காரன்தான்" என்று யாரோ ஒரு கிழவி சொன்னாள். கூட்டம் மூச்சு விட்டது. பெண்கள் நூலைக் கல்லுக்குக் கொண்டுபோய் மாட்டினார்கள்.

அந்தக் கரகரத்த குரல் வேயினியின் காதைவிட்டுப் போகவில்லை. இருக்கிறவன் பதில் சொன்னான். கேட்டதனால் சொன்னான். ஏற்றிப் பாடியிருந்தால் அவன் வாயைத் திறக்க இடமே இருந்திருக்காது. ஏற்றிய வரிக்குப் பின்னால் மூச்சு கிடையாது, நூல் போகும், அடுத்த வரி வரும். இரண்டு வருஷமாகத் தும்பியை ஏற்றி ஏற்றி, அவளுக்கு ஒரு மூச்சு இடம்கூட விடாமல் நான்தான் பாடிக்கொண்டே போயிருக்கிறேன். அந்த மூன்று பெண்கள் விடாமல் கூப்பிட்டது போல. எதிரே பெண்கள் தும்பியின் நூலை எடுத்துவிட்டார்கள், அங்கங்கே தடித்த நூல், இருவருக்கும் நடுவே கொஞ்சம் தொய்ந்து நின்றது. இனி யோசிக்க நேரமில்லை. வாய் எப்போதும் போலத் தானாகப் பாடவில்லை. இந்த ஒரு வரியை வேயினி தானே பாடினாள், ஒவ்வொரு சொல்லாக, ஏழாம் நாள் மடியில் போட்டுக் கட்டியது போல.

மேட்டுத்தெருத் தும்பி, கூப்பிட்டால் திரும்புகிறவள்.

கடைசிச் சொல்லை இறக்கினாள். கூவிளை கத்தியை வைத்தாள். இறந்தவர்களுக்கு விடும் மூச்சு வெறும் வழக்கம், யாரும் காதைத் தீட்டிக்கொள்வதில்லை. இதற்கு முந்நூறு பேரும் காது கொடுத்தார்கள். ஏரிப் பக்கமிருந்து காற்று வந்து பாவை மேலிருந்து கீழாகத் தடவிக்கொண்டு போனது. யாரோ இருமினார்கள், எல்லாத் தலையும் ஒன்றாகத் திரும்பி, பின் ஒவ்வொன்றாக முன்னால் வந்தன. இருமியவன் தலையைக் குனிந்துகொண்டான். ஒரு மூச்சு என்பது யாருடைய மூச்சு என்று எங்கும் சொல்லப்படவில்லை. பாட்டுக்காரி அடுத்த வரியை எடுக்கிறவரை அது முடிவதில்லை. அடுத்த வரியின் முதல் சொல் கேட்டால்தான் கத்தி அறுக்கும். அதனால் வேயினி மூச்சை உள்ளேயும் இழுக்காமல் வெளியேயும் விடாமல் வைத்திருந்தாள். வைத்திருக்கும்வரை முடியவில்லை. அதவன் ஏரியைப் பார்த்துக்கொண்டிருந்தான், அவனும் கேட்டுக்கொண்டிருந்தான், உண்மையாகவே கேட்டுக்கொண்டிருந்தான். அந்த நிமிஷம் அவன்மேல் இருந்த கோபமெல்லாம் போய்விட்டது. மார்பு கனத்தது. விலாவுக்குள் நெருப்புப் போல ஒன்று ஏறியது. இன்னும் கொஞ்சம், அவள் தூரத்தில் இருக்கலாம், பத்தடி இல்லை, பத்து நாள் வழி தள்ளி இருக்கலாம், குரல் வந்து சேர நேரமாகும். கண்ணுக்கு முன்னால் பாவு இரண்டாகத் தெரிந்தது. யாரும் அவளை அவசரப்படுத்தவில்லை. குழந்தைகள்கூட ஓசை எழுப்பவில்லை. நீர்க்கோழி ஒன்று எங்கோ கத்தி அடங்கியது, அது நீர்க்கோழிதான். பிறகு அவள் கேட்காமலேயே, விடாமலேயே, உடம்பு வாயைத் திறந்து ஒரு பெரிய மூச்சை உள்ளே இழுத்தது. இழுத்த மூச்சைப் பாட்டாக்குவதைத் தவிர வேறு எதற்கும் அந்த வாய் பழகியிருக்கவில்லை.

மேட்டுத்தெரு ஈங்கை, என்றாள் வேயினி. சிக்கென்று ஒரு சத்தம். ஐந்தாவது வீட்டு ஈங்கை, சதா சண்டைக்காரி, கூரைத் தண்ணீர் தன் வாசலில் விழுகிறது என்று போன மாதம்கூட வந்து கத்திவிட்டுப் போனவள், தன் நூலை நெஞ்சோடு பிடித்துக்கொண்டு தேம்பிக்கொண்டிருந்தாள். அவளுடைய வரி பாதியில் நின்றது. தாய்ப்பாலை, என்று வேயினி தொடர்ந்தாள், எண்ணிக் குடித்தவள், என்று முடித்தாள், முடித்து, கடைசிச் சொல்லை எட்டியமட்டும் மேலே ஏற்றினாள்.